ஒட்டிய விரல்கள்

1

இம்தியாஸின் அம்மா என் காலைப் பார்த்துவிட்டுப் பேச்சை நிறுத்தியது போன டிசம்பரில். அன்றைக்கு அதை நான் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. வயதானவர்கள் பேச்சை நடுவில் விட்டுவிட்டு எழுந்து போவது எல்லா வீட்டிலும் நடப்பதுதானே.

இம்தியாஸும் நானும் ஒஸ்லோவில் ஒரே டிப்போவில் பஸ் ஓட்டுகிறோம். அவன் பாகிஸ்தான் பஞ்சாப்காரன், எல்லையோரக் கிராமம் ஒன்றில் பிறந்தவன். நான் ஆரணிக்கு ஒட்டினாற்போல் இருக்கும் சேவூர்க்காரன். கப்பல் வேலைக்கு வந்து இங்கேயே தங்கிவிட்டவன். எங்கள் பழக்கம் ஒரு வார்த்தையில் தொடங்கியது. வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒருநாள் பஸ் கதவு மூடாமல் மக்கர் செய்ய, "சே, பேஜாராப் போச்சு" என்று தமிழில் அலுத்துக்கொண்டேன். பக்கத்து பஸ்ஸில் இருந்தவன் எட்டிப் பார்த்து, "பேஸார்? உனக்கு உருது தெரியுமா?" என்றான். அது எங்கள் ஊர்ச் சொல் என்றேன். ஜல்தி என்ற சொல்லும் எங்களுடையதுதான் என்றேன். அவன் விழுந்து விழுந்து சிரித்தான். அதிலிருந்து பாதி நார்வேஜிய மொழியும் பாதி உடைந்த இந்துஸ்தானியுமாக எங்கள் சிநேகம் ஓடுகிறது.

அந்த டிசம்பர் மதியம் பனி உருகித் தெருவெல்லாம் சேறாகக் கிடந்தது. என் ஷூவுக்குள் தண்ணீர் இறங்கிவிட்டது. டிப்போவுக்குப் பக்கத்தில்தான் வீடு, வா, சாப்பிட்டுவிட்டுப் போகலாம் என்று இம்தியாஸ் இழுத்துக்கொண்டு போனான். வாசலில் ஷூவைக் கழற்றினேன். சாக்ஸைப் பிழிந்தால் தண்ணீர் சொட்டியது. அதையும் கழற்றி ஹீட்டர் மேல் காயவைத்துவிட்டு, வெறுங்காலோடு போய் சோபாவில் உட்கார்ந்தேன்.

அவன் அம்மா ஸக்கீனா அறுபதைத் தாண்டியவர். சிரித்த முகம். பேரனின் பல் வலியைப் பற்றி ஏதோ சொல்லிக்கொண்டே எனக்கு டீ கொண்டுவந்தார். கோப்பையை மேஜையில் வைக்கக் குனிந்தவர் அப்படியே நின்றார். அவர் கண் என் இடது காலில் இருந்தது. அந்தக் காலில் இரண்டாவது விரலும் மூன்றாவது விரலும் நகம்வரை ஒட்டியே இருக்கும். பிறவியிலிருந்தே அப்படித்தான். நடக்க ஓட எந்தத் தொந்தரவும் இல்லை.

அவர் கோப்பையை வைக்கவில்லை. அதைக் கையில் பிடித்தபடியே திரும்பி உள் அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். சாப்பாடு பரிமாறும்போதும் வெளியே வரவில்லை. இம்தியாஸுக்கு முகம் சுண்டிவிட்டது. "தலைவலியாக இருக்கும்" என்றான்.

2

என் அப்பா ஏழுமலையை நான் பார்த்ததில்லை. அவர் பட்டாளத்தில் இருந்தார். பாலம் போடுகிற, கண்ணிவெடி எடுக்கிற பிரிவு. எழுபத்தொன்றாம் வருஷச் சண்டையில், மேற்கு எல்லையில், டாங்கிகள் போவதற்கு வழி செய்ய முன்னால் போன கூட்டத்தில் அவரும் ஒருவர். குண்டு விழுந்து கலைந்து ஓடியவர்கள் திரும்பி வந்து ஆள் எண்ணியபோது அவர் இல்லை. சேவூருக்குத் தந்தி வந்தபோது நான் அம்மாவின் வயிற்றில்.

தந்தியில் 'காணவில்லை' என்று இருந்தது. பல வருஷம் கழித்து வந்த காகிதத்தில் 'இறந்ததாகக் கருதப்படுகிறார்' என்று இருந்தது. அம்மா பென்ஷனை வாங்கிக்கொண்டாள், பொட்டை எடுக்கவில்லை. "கருதறது அவங்க. நான் கருதல" என்று ஆரணி தாலுகா ஆபீசிலேயே சொல்லிவிட்டு வந்தாள்.

ஆனால் அவளை அரித்தது அந்தக் காகிதம் இல்லை. தேசூர்க்காரர் ஒருவர், அவரும் பட்டாளத்துக்காரர், லீவில் வந்தபோது ஒரு பேச்சைக் கிளப்பிவிட்டார். வடக்கே ஏதோ ஒரு ரயில்வே ஸ்டேஷனில் ஏழுமலை மாதிரியே ஓர் ஆளைப் பார்த்தாராம். கூட ஒரு பெண், கையில் குழந்தை. அவ்வளவுதான். அந்தப் பேச்சு எங்கள் வீட்டுக்குள் வந்து உட்கார்ந்துகொண்டது, பிறகு எழுந்து போகவே இல்லை. அம்மா அதை நம்பினாளா இல்லையா என்று எனக்குத் தெரியாது. ஆனால் தை பிறந்தால் அப்பாவுக்குப் புதுவேட்டி எடுத்து வைப்பாள், அதே வாயால், நான் ஏதாவது எதிர்த்துப் பேசினால், "ஒங்கப்பன் புத்தி. நீயும் ஒருநாளு சொல்லாம போயிடுவடா" என்பாள். நான் சொல்லிவிட்டுத்தான் போனேன். அது அவளுக்கு ஒரு வித்தியாசமாகவே படவில்லை.

இங்கே என் மகள் நிலாவுக்குப் பதினேழு வயது. தமிழ் புரியும், பதில் நார்வேஜிய மொழியில் வரும். ஒருமுறை அவள் பாட்டியிடம் போனில் தமிழில் பேசியே தீருவேன் என்று பிடிவாதம் பிடித்து, "தாத்தா எப்போ தொலஞ்சு போனாரு?" என்று கேட்டுவிட்டாள். காணாமல் போவதற்கும் தொலைந்து போவதற்கும் உள்ள வித்தியாசத்தை அவளுக்கு யார் சொல்லித்தருவது? மறுமுனையில் அம்மா, "கொழந்த சரியாத்தான் கேக்குது" என்றாள்.

நிலாவின் இடது காலிலும் அந்த இரண்டு விரல்கள் ஒட்டித்தான் இருக்கின்றன. அவள் பிறந்தபோது போட்டோ அனுப்பினேன். அம்மா முகத்தைப் பார்க்கவில்லை. "கால காட்டு, கால காட்டு" என்றாள். அப்போதுதான் தெரிந்தது, அப்பாவுக்கும் அப்படி என்று.

3

அந்தச் சாப்பாட்டுக்குப் பிறகு இம்தியாஸ் சில நாள் என்னைப் பார்த்தால் வேறு பக்கம் போனான். ஏதோ தப்பு செய்துவிட்டேன் போலிருக்கிறது என்று நினைத்தேன். ஒருநாள் டிப்போவில் காபி மெஷினுக்குப் பக்கத்தில் வந்து நின்றான். கப்பை எடுக்கவில்லை.

"உன் அப்பா பட்டாளத்தில் இருந்தாரா?" என்றான்.

இத்தனை வருஷத்தில் அவனிடம் நான் சொல்லாத ஒரே விஷயம் அதுதான். இரண்டு நாட்டுக்காரர்கள் ஒரே மேஜையில் உட்கார்ந்து சாப்பிட வேண்டுமென்றால் சிலதைப் பேசக்கூடாது என்று நானாகவே வைத்துக்கொண்ட கட்டுப்பாடு.

"ஏன் கேட்கிறாய்?"

"நான் கேட்கவில்லை. அம்மா கேட்கிறாள். நீ வந்துபோன நாளிலிருந்து சரியாகச் சாப்பிடவில்லை."

அன்று மாலை போனேன். ஸக்கீனா அம்மா ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்க்காமல் வெளியே பார்த்தபடி பஞ்சாபியில் பேசினார். இம்தியாஸ் மொழிபெயர்த்தான்.

அப்போது அவருக்குப் பத்து வயது இருக்கும். சண்டைக்குப் பயந்து ஊரே காலி செய்துகொண்டு போய்விட்டது. விட்டுவந்த எருமையை ஓட்டிவர அப்பாவும் மகளும் மட்டும் ஒரு சாயங்காலம் திரும்பிப் போனார்கள். அவர்களுடைய கரும்புத் தோட்டத்தில் ஓர் இந்தியச் சிப்பாய் இறந்து கிடந்தான். மறுநாள் காலையில் அவருடைய அப்பா அவனை மரியாதையாகத் தோட்டத்து ஓரத்து மரத்தடியில் புதைத்தார். காலில் இரண்டு விரல் ஒட்டியிருந்தது. அது அவருக்கு மறக்கவில்லை. அவ்வளவுதான்.

சொல்லி முடித்ததும் எழுந்து என் தலைமேல் கையை வைத்தார்.

காணாமல் போனவர்களைத் தேடித்தரும் அலுவலகம் ஒன்று இங்கே உண்டு. மறுவாரம் அங்கே போனேன். நார்வேஜிய மொழியில் காணாமல் போனவரை 'சாவ்நெத்' என்பார்கள். ஏங்கித் தேடப்படுகிறவர் என்றும் அதற்குப் பொருள் உண்டு. என் தமிழ்க் காதில் சாவு மட்டும்தான் விழுந்தது. அங்கிருந்த இளம்பெண் பஞ்சு சுற்றிய குச்சியால் என் கன்னத்தின் உள்பக்கம் தடவி, குழாயில் போட்டு மூடினாள். எலும்பு கிடைத்தால் ஒப்பிட்டுப் பார்க்கலாம் என்றாள். எலும்பு இருக்கும் இடத்தைக் கேட்டாள். இம்தியாஸ் கொடுத்த கிராமத்தின் பெயரையும், கரும்புத் தோட்டத்து ஓரத்து மரத்தையும் சொன்னேன். அவள் எழுதிக்கொண்டாள். அப்படிச் சொன்னதில் ஏதும் ஆபத்து இருக்கும் என்று எனக்குத் தோன்றவில்லை.

4

அம்மாவிடம் சொல்வதற்கு முன் தேவகியிடம் சொன்னேன். தேவகி என் சித்தி மகள், ஆரணியில் பட்டுக்கடையில் வேலை. பக்கத்து வீடு என்பதால் அம்மாவின் போன், மாத்திரை, ரேஷன் எல்லாம் அவள் பொறுப்பு. "நீங்களே சொல்லுங்கண்ணா, நான் கூட ஒக்காந்துகினு இருக்கேன்" என்றாள்.

சொன்னேன். அம்மா குறுக்கே பேசவில்லை. போன் திரையில் அவளுடைய நெற்றியும் பொட்டும் பாதிக் கண்ணும்தான் தெரிந்தன. எப்போதும் போனை அப்படித்தான் பிடிப்பாள். கரும்புத் தோட்டம், மரத்தடி, மரியாதையாகப் புதைத்தது எல்லாவற்றையும் சொல்லி முடித்தேன். அழுவாள் என்று நினைத்தேன்.

"பாபு."

"சொல்லும்மா."

"அந்தப் பொம்பள கால எப்பிடிடா பாத்தா?"

"புதைக்கும்போது பாத்திருப்பாங்கம்மா."

"பட்டாளத்துக்காரன் பூட்ஸ் போட்டுகினு இல்ல கெடப்பான்? எங்கூட்டு ஆம்பள லீவுல வந்தாகூட, பூட்ஸ வாசல்ல கழட்டறதுக்கு அரைமணி நேரம் ஆவும். அத்தினி கயிறு. செத்தவன் கால்லேருந்து அத யார் கழட்டினாங்க? எதுக்குக் கழட்டினாங்க?"

தேவகி ஏதோ சமாதானம் சொல்வது கேட்டது.

"நீ சும்மா இரு" என்று அவளை அடக்கினாள். பிறகு என்னிடம், "போயி நல்லா கேட்டுகினு வா. பாதி சொல்லிகீறாங்க. மீதியக் கேளு" என்று வைத்துவிட்டாள்.

5

கேட்பதற்கு எனக்கு இரண்டு வாரம் பிடித்தது. கேட்காமலே விட்டுவிடலாம் என்றுதான் முதலில் நினைத்தேன். இம்தியாஸோடு ஒரே பெஞ்சில் உட்கார்ந்து ரொட்டி தின்ன வேண்டும், அவனுடைய முகத்தைத் தினமும் பார்க்க வேண்டும். ஆனால் அம்மா தினமும் ஒரே கேள்வியைக் கேட்டாள். "போனியா?" வேறு எதுவும் பேசுவதில்லை. என் சாப்பாட்டைப் பற்றிக்கூடக் கேட்பதில்லை.

கடைசியில் போனேன். இம்தியாஸின் மனைவி பிள்ளைகளை வெளியே அழைத்துப் போயிருந்தாள். அம்மாவின் கேள்வியை அப்படியே சொன்னேன். இம்தியாஸ் அதை மொழிபெயர்க்கத் தயங்கினான். ஸக்கீனா அம்மாவுக்கு அது ஏற்கெனவே புரிந்துவிட்டது. கையைக் காட்டி அவனை நிறுத்தினார்.

"உன் அம்மா புத்திசாலி" என்றார்.

பிறகு சொன்னார். அவர்கள் எல்லாரும் ஓடிப் போனது செருப்புகூட இல்லாமல். மார்கழிக் குளிர். அவருடைய அப்பாவின் பாதங்கள் வெடித்து ரத்தம் கசிந்துகொண்டிருந்தன. கரும்புக்குள் கிடந்த ஆளின் பூட்ஸ் புதிது. அப்பா குனிந்து கயிற்றை அவிழ்க்க ஆரம்பித்தார். மகளை இன்னொரு காலைப் பிடித்துக்கொள்ளச் சொன்னார். முதல் பூட்ஸ் கழன்று வந்தது. சாக்ஸும் கூடவே வந்தது. அப்போதுதான் ஸக்கீனா அம்மா அந்த விரல்களைப் பார்த்தார்.

"நான் அதைத் தொட்டேன்" என்றார். "சின்னப் பெண் இல்லையா, வேடிக்கையாக இருந்தது, தொட்டேன். அவன் காலை இழுத்துக்கொண்டான்."

இம்தியாஸ் அந்தக் கடைசி வாக்கியத்தை மொழிபெயர்க்கவில்லை. எனக்கே புரிந்தது.

"அப்பா பார்த்தார். எனக்குத் தெரியும், அவரும் பார்த்தார். ஆனால் நிறுத்தவில்லை. இரண்டாவதையும் கழற்றினார். குண்டுச் சத்தம் நெருங்கிக்கொண்டிருந்தது. எருமையை ஓட்டிக்கொண்டு வந்துவிட்டோம். காலையில் திரும்பிப் போனபோது அவன் இறந்திருந்தான். நன்றாகச் சுருண்டு கிடந்தான், காலை வயிற்றுக்குள் வைத்துக்கொண்டு. அப்பா புதைத்தது அப்புறம்தான். அந்தப் பூட்ஸை அவர் அஞ்சாறு வருஷம் போட்டார். அது வீட்டுக்குள் வரும் சத்தம் கேட்டால் நான் போய் மாட்டுக்கொட்டகையில் உட்கார்ந்துகொள்வேன்."

அறை இருட்டிவிட்டது. யாரும் விளக்கைப் போடவில்லை.

"அவன் ஒரு சொல்லைச் சொன்னான்" என்றார் ஸக்கீனா அம்மா. "கழற்றும்போது திரும்பத் திரும்பச் சொன்னான். பானி என்று கேட்டிருந்தால் எங்களுக்குப் புரிந்திருக்கும். இது வேறு. இத்தனை வருஷமாக அதற்கு என்ன அர்த்தம் என்று எனக்குத் தெரியவில்லை. உன்னைக் கேட்கலாமா?"

"சொல்லுங்கள்" என்றேன்.

அவர் உதட்டை நனைத்துக்கொண்டார். குழந்தை பாடம் ஒப்பிப்பதுபோல் மெதுவாக, ஒவ்வோர் எழுத்தாகச் சொன்னார்.

"குலுருது."

நான் எழுந்து ஜன்னல் பக்கம் போனேன். கீழே தெருவில் பனி பெய்துகொண்டிருந்தது. எங்கள் வீட்டில், எங்கள் தெருவில், அப்படித்தான் சொல்வோம். குளுருது. பள்ளிக்கூடத்தில் வாத்தியார் குளிர்கிறது என்று எழுதவைப்பார். வீட்டில் குளுருது. அந்தக் குரலை நான் முதல்முறையாகக் கேட்டேன், ஒரு பஞ்சாபிக் கிழவியின் வாயில்.

"என்ன அர்த்தம்?" என்றார்.

பொய் சொல்லியிருக்கலாம். சொல்லத் தோன்றவில்லை. சொன்னேன். அவர் முகத்தைத் துப்பட்டாவால் மூடிக்கொண்டார்.

6

அலுவலகத்திலிருந்து வந்த பதிலில் எல்லாமே பணிவாக இருந்தது. தோண்டிப் பார்க்க இரண்டு நாட்டு அனுமதியும் வேண்டும். இப்போதைய நிலைமையில் கேட்கவே வழியில்லை. என் கோப்பு திறந்தே இருக்கும். இந்தியத் தூதரக ஜன்னலில் இருந்தவர், "காணவில்லையா, இறந்துவிட்டாரா? ரெண்டுல ஒண்ண முடிவு பண்ணிட்டு வாங்க சார்" என்றார்.

அந்த வாரமே இம்தியாஸ் டிப்போவில் என் பஸ்ஸுக்குள் ஏறி வந்தான். பயணிகள் இல்லை. கதவை மூடச் சொன்னான். அவன் மாமா இன்னும் அந்தக் கிராமத்தில்தான் இருக்கிறார். யாரோ இரண்டு பேர் மோட்டார் சைக்கிளில் வந்து, தோட்டம் யாருடையது, ஓரத்தில் இருந்த மரத்தை எப்போது வெட்டினீர்கள் என்று விசாரித்துவிட்டுப் போனார்களாம். யார் என்று சொல்லவில்லை. மாமா போனில் அழுதாராம்.

"நீ எந்த ஊர்ப் பெயரைக் கொடுத்தாய்?" என்றான்.

"நீ சொன்ன பெயரைத்தான்."

அவன் தலையைக் குனிந்துகொண்டான். என் மேல் கோபமா, தன் மேலேயே கோபமா என்று தெரியவில்லை. அதற்குப் பிறகு அந்த இரண்டு பேரும் வரவில்லை. வராததும் நிம்மதியாக இல்லை. மாமா இப்போது சாயங்காலமானால் வெளியே போவதில்லையாம்.

நிலா ஒருநாள் என்னிடம், "எல்லாரும் செத்துப் போய்விட்டார்கள் அப்பா. இப்போது யாருக்காக இதைத் தோண்டுகிறீர்கள்?" என்று நார்வேஜிய மொழியில் கேட்டாள். பாட்டி இருக்கிறாளே என்றேன். "அதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது" என்றாள்.

அம்மாவிடம் எல்லாவற்றையும் சொல்லியிருந்தேன், அந்தச் சொல் உட்பட. அவள் கேட்டது ஒன்றுதான். "அந்தப் பொம்பளகிட்ட நான் பேசணும்."

இம்தியாஸ் வேண்டாம் என்றான். ஸக்கீனா அம்மாதான் சம்மதித்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை, அவர்கள் வீட்டு மேஜையில் போனைச் சாய்த்து வைத்தோம். அங்கே தேவகி பிடித்துக்கொண்டதால் அம்மாவின் முழு முகமும் தெரிந்தது. தலை வாரி, பூ வைத்து, நல்ல புடவை கட்டியிருந்தாள். இரண்டு பேரும் வெகுநேரம் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டே இருந்தார்கள். ஸக்கீனா அம்மா இரண்டு கையையும் சேர்த்து நெஞ்சில் வைத்தார்.

"அவங்களுக்கு அப்போ எத்தினி வயசு?" என்றாள் அம்மா.

"பத்து" என்றேன்.

"சரி. அவங்கப்பா பேரு இன்னா?"

நான் தயங்கினேன். இம்தியாஸ் என்ன என்று பார்த்தான். மொழிபெயர்த்தேன். ஸக்கீனா அம்மா மகனை ஒருமுறை பார்த்துவிட்டு, நேராகப் போனைப் பார்த்துச் சொன்னார். "ஃபஸல் தீன்."

"பசல் தீனு" என்றாள் அம்மா. சரியில்லை என்று அவளுக்கே தோன்றியிருக்க வேண்டும். "இன்னொரு தபா சொல்லச் சொல்லு."

அவர் மறுபடி சொன்னார். அம்மா உதட்டை அசைத்து அசைத்துப் பழகினாள். மூன்றாவது தடவை சரியாக வந்தது. பிறகு நிதானமாக, யாரோடும் சண்டை போடாத குரலில் பேசினாள்.

"நான் இத்தினி வருசமா யார் மேல கோவப்படறதுன்னு தெரியாம எங்கூட்டு ஆம்பள மேலயே கோவப்பட்டுகினு இருந்துட்டேன்டா பாபு. எவளோடயோ போயிட்டான்னு நெனச்சி, ராத்திரி படுத்தா அவர ஏசாத நாளு இல்ல. அவரு அங்க குளுருதுன்னு சொல்லிகினு கெடந்திருக்காரு. இப்போ ஆளு யாருன்னு தெரிஞ்சிபோச்சி. அந்த பசல் தீனு போன எடத்துலயும் வெறுங்காலோடயே நிக்கட்டும். எத்தினி ஜென்மம் ஆனாலும் கால்ல போட ஒண்ணும் கெடைக்காம நிக்கட்டும். இத நான் சாவுற வரைக்கும் சொல்லுவேன்."

"அம்மா என்ன சொன்னார்கள்?" என்றார் ஸக்கீனா அம்மா.

"நீங்கள் அப்போது குழந்தை, உங்கள்மேல் ஒன்றும் இல்லை, உடம்பைப் பார்த்துக்கொள்ளச் சொல்கிறார்கள்" என்றேன்.

இம்தியாஸ் பெருமூச்சு விட்டான். அவர் விடவில்லை. திரையில் இருந்த முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார், அது அணைந்து கறுக்கும்வரை.

மறுநாள் தேவகி கூப்பிட்டாள். "பெரியம்மா பொட்ட எடுத்துட்டாங்கண்ணா. யாரையும் கூப்புடல, அழுவல. மொகம் கழுவினு வந்து ஒக்காந்துட்டாங்க. அப்புறம்ணா, சாயந்தரம் வெளக்கு ஏத்திட்டு ஒரு பேரச் சொல்றாங்க. நேத்தும் சொன்னாங்க. கேக்கவே பயமா கீது."

மாசி போய்ப் பங்குனி வந்துவிட்டது. அங்கே அம்மா ஒருநாள்கூட விடவில்லை. இங்கே ஸக்கீனா அம்மா சாப்பாட்டைக் குறைத்துக்கொண்டே வந்தார். டாக்டர்கள் ஒன்றும் இல்லை என்றார்கள். போன வாரம் அவரே என்னை வரச் சொன்னார். இம்தியாஸை அறைக்கு வெளியே இருக்கச் சொல்லிவிட்டார். எனக்குப் புரிகிற மாதிரி, எளிய இந்துஸ்தானியில், ஒவ்வொரு சொல்லாகப் பேசினார்.

"அன்றைக்கு நீ சொன்னதை உன் அம்மா சொல்லவில்லை. நான் அவள் இடத்தில் இருந்தால் அப்படிச் சொல்லியிருக்கமாட்டேன். உண்மையைச் சொல்."

சொன்னேன். வெறுங்கால், ஜென்மம், சாகும்வரை, எல்லாவற்றையும். அவர் கண்ணை மூடிக்கொண்டு கேட்டார்.

"தினமும் சொல்கிறாளா?"

"தினமும்."

"எந்த நேரத்தில்?"

"விளக்கு வைத்ததும்."

அவர் விரல்களை மடக்கி ஏதோ கணக்குப் பார்த்தார். அங்கே விளக்கு வைக்கும்போது இங்கே என்ன நேரம் என்று பார்த்தார் போலிருக்கிறது. "அது என் மதியத் தொழுகை நேரம். நான் அந்த நேரத்தில் அப்பாவுக்காக மன்னிப்புக் கேட்கிறேன்" என்றார்.

நிறுத்தச் சொல்லட்டுமா என்று கேட்டேன். சொன்னால் அம்மா நிறுத்துவாள் என்று எனக்கு நம்பிக்கை இல்லை. இருந்தாலும் கேட்டேன்.

"வேண்டாம்" என்றார். "சொல்லட்டும்."

பிறகு மகனைக் கூப்பிட்டு, பசிக்கிறது, ரொட்டி கொண்டுவா என்றார்.